பர்மிய யாழ்: எண்ணப்பட்ட எலும்புகளும் எண்ணப்படாத எலும்புகளும்

கொன் இச்சிகாவாவின் 'பர்மிய யாழ்' (1956) யப்பானிய யுத்தப் படங்களில் முதலில் வைத்துப் பேசப்படுவது. வெளிவந்த வருடமே வெனிஸ் திரைப்பட விழாவில் சன் ஜோர்ஜியோ பரிசைப் பெற்றது. லாச்சப்பலில் நாலு இலக்கிய நண்பர்கள் கூடிப் பேசினால், அதுவும் 2009க்குப் பிறகு, இந்தப் படத்தின் பெயர் எப்படியோ வந்து விழுந்துவிடுகிறது. 'எங்களுக்கும் ஒரு பர்மிய யாழ் வேண்டும்' என்று சொல்பவர்களைப் பலதடவை கேட்டிருக்கிறேன். இறந்தவர்களை விட்டுவிட்டு ஊர் திரும்ப மறுத்த ஒரு சிப்பாயின் கதை எங்களைத் தொடுவதில் வியப்பில்லை. ஆனால் அந்த வேண்டுதலை அப்படியே வழிமொழிவதற்கு முன் ஒரு கேள்வி இருக்கிறது. இந்தப் படம் யாருடைய எலும்புகளைப் பொறுக்குகிறது? யாருடைய எலும்புகளை மிதித்துக்கொண்டு போகிறது?

லா கூர்னெவ் நகராட்சி நூலகத்தில் இரவல் எடுத்து, பிரெஞ்சு உபதலைப்புகளோடு இரண்டு தடவை பார்த்தேன். படத்தைப் பார்க்காதவர்களுக்காகக் கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன்.

1945 யூலை, பர்மா. தோற்றுப் பின்வாங்கும் யப்பானியப் படையின் ஒரு சிறு பிரிவு. அதன் கப்டன் இனோவே இசைக்கல்லூரியில் படித்தவர். தன் ஆட்களுக்குச் சேர்ந்து பாடக் கற்றுக்கொடுத்திருக்கிறார். மிசுஷிமா என்ற சிப்பாய் பர்மிய யாழை மீட்டப் பழகிக்கொள்கிறான். பர்மியனைப்போல உடுத்திக்கொண்டு முன்னே போய் வேவு பார்த்து, ஆபத்தென்றால் ஒரு மெட்டு, இல்லையென்றால் இன்னொரு மெட்டு என்று யாழால் செய்தி அனுப்புகிறான். ஒரு கிராமத்தில் பிரித்தானியப் படை சூழ்ந்துகொள்கிறது. சந்தேகம் வராதிருக்க இவர்கள் பாடுகிறார்கள். மேலைநாட்டு மெட்டில் அமைந்த, வீட்டை நினைத்து ஏங்கும் பாட்டு. காட்டுக்குள்ளிருந்து எதிரி அதே மெட்டை ஆங்கிலத்தில் திருப்பிப் பாடுகிறான். யுத்தம் மூன்று நாட்களுக்கு முன்பே முடிந்துவிட்டது.

இவர்கள் சரணடைகிறார்கள். மலையொன்றில் சரணடைய மறுக்கும் இன்னொரு யப்பானியப் பிரிவிடம் மிசுஷிமா தூது அனுப்பப்படுகிறான். அவனுக்குக் கொடுக்கப்பட்டது அரைமணி நேரம். அவர்கள் கேட்கவில்லை. குண்டு விழுகிறது. காயத்தோடு பிழைத்தவனை ஒரு பிக்கு காப்பாற்றுகிறார். அந்தப் பிக்குவின் காவியையே திருடி உடுத்துக்கொண்டு, தோழர்கள் அடைக்கப்பட்டிருக்கும் முடோன் முகாமை நோக்கி நடக்கிறான். வழியெல்லாம் யப்பானியச் சிப்பாய்களின் பிணங்கள். நரியும் கழுகும் தின்ற மிச்சம். சிலவற்றை எரிக்கிறான், சிலவற்றைப் பார்த்து மூக்கைப் பொத்திக்கொண்டு ஓடுகிறான். பெயர் தெரியாத யப்பானியச் சிப்பாய் ஒருவனின் குழியருகே ஆங்கிலேயத் தாதிமார் நின்று தேவகீதம் பாடுவதைக் காண்கிறான். எதிரி புதைத்திருக்கிறான், நான் விட்டுவிட்டு வந்தேன் என்று அவனுக்குப் படுகிறது. திரும்பிப் போகிறான். திருடி உடுத்த காவி அன்றிலிருந்து அவனுடைய சொந்தக் காவியாகிறது. தோழர்கள் ஒரு கிளிக்குப் பேசப் பழக்கி, சேர்ந்து நாடு திரும்ப வா என்று கூப்பிடுகிறார்கள். முள்வேலிக்கு வெளியே நின்று, வாய் திறவாமல், யப்பானியப் பள்ளிக்கூடங்களில் ஆசிரியரை விட்டுப் பிரியும் நாளில் பாடப்படும் பாட்டின் மெட்டை யாழில் வாசித்துவிட்டுப் போய்விடுகிறான். கப்பலில் கப்டன் அவனுடைய கடிதத்தை வாசிக்கிறார்.

கற்பித்தலைத் தொழிலாகச் செய்தவன் அந்த விடைபெறும் காட்சியைக் கண் கலங்காமல் பார்க்க முடியாது. இச்சிகாவாவின் கலையை நான் குறைத்துப் பேசவில்லை. வீர வசனம் கிடையாது. பிணங்களைக் கமரா எட்ட நின்றே பார்க்கிறது. 'கொட்சில்லா'வுக்கு இசையமைத்த அகிரா இஃபுகுபே இந்தப் படத்தில் அடங்கி வாசிக்கிறார். இச்சிகாவாவின் மனைவி நத்தோ வாதாவின் திரைக்கதையில் கெட்டவன் என்று எவனும் இல்லை. இந்தக் கடைசிக் குணத்தில்தான் சிக்கலும் இருக்கிறது.

*

படத்தின் நடிகர்களிலிருந்து தொடங்குவோம். எமது விமர்சனங்களில் நெறியாளரின் பெயரோடு பேச்சு முடிந்துவிடுகிறது. நடிகர்களும் ஒரு வரலாற்றைச் சுமந்துகொண்டுதான் கமராவின் முன் வருகிறார்கள்.

மிசுஷிமாவாக நடித்தவர் ஷோஜி யசுயி. குழந்தைத்தனம் மாறாத முகம். அந்த முகம் மெதுவாக மூடிக்கொள்வதுதான் படத்தின் உண்மையான கதை. கப்டனாக வருபவர் ரென்தாரோ மிக்குனி. யப்பானியச் சினிமாவின் மாபெரும் நடிகர்களில் ஒருவர். 2013இல் 90 வயதில் காலமானார். தன் முதற்படமான 'சென்மா'வில் (1951) ஏற்ற பாத்திரத்தின் பெயரையே தன் பெயராக வைத்துக்கொண்டவர். 1943இல் படைக்கு அழைப்பு வந்தபோது அவர் தப்பியோடினார். வழியிலிருந்து தாய்க்குக் கடிதம் எழுதினார். குடும்பத்தின்மேல் பழி வரும் என்று அஞ்சிய தாய் அதிகாரிகளுக்கு அறிவிக்க, பிடிபட்டுச் சீனப் போர்முனைக்கு அனுப்பப்பட்டார். இதை அவரே பின்னாட்களில் வெளிப்படையாகச் சொல்லியிருக்கிறார். தன் வளர்ப்புத் தந்தை யப்பானில் தீண்டத்தகாதவர்களாக ஒதுக்கப்பட்ட புராக்கு மக்களைச் சேர்ந்தவர் என்பதையும் அவர் மறைக்கவில்லை. அவர் நெறியாள்கை செய்த 'ஷின்ரன்' 1987இல் கான் விழாவில் நடுவர் பரிசு பெற்றது.

இதைத் தெரிந்துகொண்டு படத்தை மறுபடி பார்த்தால் கப்டனின் முகம் வேறாகத் தெரிகிறது. ஆட்களை ஒன்றாகக் கட்டி வைத்திருக்கும் அன்பான தளபதியாக நடிப்பவர், அந்தப் படையிலிருந்து ஓடிப் பிடிபட்டவர். ஒருவரையும் விடாமல் ஊருக்குக் கூட்டிப்போவேன் என்று சொல்பவரை, அவரது சொந்தத் தாயே ஒருகாலத்தில் காட்டிக்கொடுத்திருக்கிறார். வன்னியில் கடைசி வருடங்களில் பிள்ளையைப் பிடித்துக்கொண்டு போகாதிருக்க அதைப் பரணிலும் பதுங்குகுழியிலும் ஒளித்த தாய்மாரையும், பயத்தில் கையளித்த தாய்மாரையும் அறிந்த சமூகம் நாங்கள். மிக்குனியின் தாயைக் குற்றவாளிக்கூண்டில் ஏற்ற எங்களில் எவருக்கும் தகுதி கிடையாது. ஆனால் அந்தத் தாய் படத்தில் இல்லை. ஓடியவன் இல்லை. ஓடியவனைத் தேடிய இராணுவப் பொலிசு இல்லை. பாடகர் குழுவாக மாறிய ஒரு படை மட்டும் இருக்கிறது.

இன்னொரு நடிகை தானியே கித்தபயாஷி. முகாமின் வேலியருகே வந்து சிப்பாய்களோடு யப்பானிய மொழியில் பேரம் பேசிப் பண்டம் மாற்றும் பர்மியக் கிழவி. படத்தின் சிரிப்பு முழுவதும் அவரிடம் இருக்கிறது. அப்போது அவருக்கு 45 வயதுகூட ஆகவில்லை. 1985இல் இச்சிகாவா இதே படத்தை வண்ணத்தில் திரும்ப எடுத்தார். மிசுஷிமாவாகக் கியிச்சி நக்காயி, கப்டனாகக் கோஜி இஷிசாக்கா. எல்லாரும் மாறினார்கள், கிழவி மாறவில்லை. எழுபது கடந்த கித்தபயாஷியே மறுபடி அந்த வேடத்தில் வந்தார். முப்பது வருடங்களில் யப்பானியச் சினிமாவுக்கு ஒரு பர்மியக் கிழவி தேவைப்பட்ட இரண்டு தடவையும் கிடைத்தது ஒரே யப்பானியப் பெண்தான். கிராமத் தலைவனாக வருபவர் யூனோசுக்கே இத்தோ, அவரும் யப்பானியர். பர்மா அந்தப் படத்தில் நிலமாக இருக்கிறது, கோயிலாக இருக்கிறது, படுத்திருக்கும் மாபெரும் புத்தராக இருக்கிறது. பேசுகிற மனிதராக இல்லை.

இது தற்செயல் அல்ல. மூலக்கதையை எழுதிய மிச்சியோ தக்கேயாமா ஜேர்மன் மொழி ஆசிரியர், பர்மாவுக்குப் போகாதவர். முதலில் சீனாவில்தான் கதையை வைக்க நினைத்திருக்கிறார். ஆனால் யப்பானியனும் சீனனும் சேர்ந்து பாட ஒரு பொதுப்பாட்டு இல்லை. ஆங்கிலேயனோடு இருக்கிறது. ஆகவே ஆங்கிலேயன் எதிரியாக நிற்கும் பர்மாவுக்குக் கதை நகர்ந்தது. சமரசம் இரண்டு பேரரசுகளுக்கு இடையில் நடக்கிறது. பர்மியருக்கு அதில் அலுவலில்லை. தேரவாதப் பிக்கு இசைக்கருவி மீட்டக்கூடாது என்பது அநுராதபுரத்துச் சிறுபிள்ளைக்கும் தெரியும். படத்துக்கு அதுவும் தெரியத் தேவைப்படவில்லை.

*

இப்போது படத்தின் புவியியலுக்கு வருகிறேன். வரலாறு கற்பித்தவன் என்பதால் படம் பார்க்கும்போதும் பக்கத்தில் வரைபடம் வேண்டியிருக்கிறது.

முடோன் கற்பனை ஊரல்ல. மோல்மேன் நகரத்துக்குத் தெற்கே இருக்கிறது. அதே வீதியில் இன்னும் தெற்கே, ஒருநாள் நடைத் தூரத்தில், தன்பியுசயாத் என்றொரு ஊர். சயாம்–பர்மா மரண ரயில்பாதையின் பர்மிய முனை அதுதான். 415 கிலோமீற்றர் பாதை. 1942இல் தொடங்கி 1943 ஒக்ரோபரில் முடிக்கப்பட்டது. 60,000க்கு மேற்பட்ட நேசநாட்டு யுத்தக் கைதிகள் அதில் வேலை செய்யவைக்கப்பட்டு 12,000க்கு மேற்பட்டவர்கள் இறந்தார்கள். இதை உலகம் அறியும். 'குவாய் நதிப் பாலம்' (1957) என்று ஹொலிவூட் படமெடுத்து ஒஸ்காரும் வாங்கியது. அதே பாதையில் இறந்த ஆசியத் தொழிலாளர்களின் தொகை 80,000க்கும் 100,000க்கும் இடையில் என்று மதிப்பிடப்படுகிறது. அவர்களில் பெருந்தொகையினர் மலாயாவின் இறப்பர் தோட்டங்களிலிருந்து ஏற்றிச்செல்லப்பட்ட தமிழர்கள். வாந்திபேதியில் செத்தவர்களைக் கும்பலாகக் கொளுத்தினார்கள், குழிகளில் தள்ளினார்கள். தன்பியுசயாத்தில் இன்று நேசநாட்டுச் சிப்பாய்களின் 3,000க்கு மேற்பட்ட கல்லறைகள் புல் வெட்டிப் பராமரிக்கப்படுகின்றன. தமிழனுக்குப் பெயர் பொறித்த கல் அங்கே இல்லை.

மிசுஷிமா எலும்பு பொறுக்கி நடக்கும் மண் இது. ஆற்றங்கரையில் தோண்டும்போது அவனுக்கு ஒரு மாணிக்கக்கல் கிடைக்கிறது. இறந்த சிப்பாயின் ஆன்மாவாக அதை வெள்ளைப் பெட்டியில் வைத்துக் கழுத்தில் தொங்கவிட்டுக்கொள்கிறான். அதே கரைகளில் தோண்டினால் யாருடைய எலும்பு வந்திருக்கும் என்று படம் கேட்கவில்லை. அதுமட்டுமா? படத்தின் கதை தொடங்கும் அதே 1945 யூலையில், 7ஆம் திகதி, மோல்மேன் பகுதியிலேயே கலகோன் என்ற கிராமத்தில் யப்பானியப் படையும் அதன் இராணுவப் பொலிசும் 600க்கு மேற்பட்ட ஊர்ச்சனத்தைக் கொன்று கிணறுகளில் போட்டன. பாடிக்கொண்டு கிராமத்துக்குள் நுழையும் படை, சோறு போட்டு வரவேற்கும் பர்மியர்: இதுதான் 1956இன் திரையில். கலகோனின் கிணறு திரைக்கு வெளியே.

பர்மாவுக்கு அனுப்பப்பட்ட ஏறத்தாழ 3 இலட்சம் யப்பானியரில் 180,000க்கு மேற்பட்டவர்கள் திரும்பவில்லை. இளம் பிள்ளைகள், பெரும்பாலும் பசியாலும் நோயாலும் செத்தவர்கள். அவர்களுக்காக அழுத படத்தை நான் குறைகூறவில்லை. அழுகை எங்கே நின்றுவிடுகிறது என்பதைத்தான் காட்டுகிறேன். கெட்டவன் இல்லாத யுத்தப்படத்தில் கொல்லப்பட்டவனும் இல்லாமற் போய்விடுகிறான். இறந்தவர்கள் மட்டும் மிஞ்சுகிறார்கள், அதுவும் எங்கள் பக்கத்து இறந்தவர்கள்.

*

இதைப் படித்து 'யப்பான்காரன் அப்படித்தான்' என்று திருப்தியோடு பக்கத்தைப் புரட்டுபவர்களுக்காக மேலும் கொஞ்சம்.

மரண ரயிலில் செத்த தமிழர்களை நாங்கள் எண்ணினோமா? யாழ்ப்பாணத்துக்கு மலாயா என்றால் 'மலாயன் பென்சன்'. அங்கே புகையிரதப் பகுதியிலும் கந்தோர்களிலும் தோட்டங்களிலும் கிளறிக்கல் உத்தியோகம் பார்த்தவர்கள் அனுப்பிய காசில் எழுந்த கல்வீடுகள் எங்களூரில் எத்தனை! வெள்ளைத் துரைமார் போனபின் தோட்டங்களைப் பார்த்துக்கொண்டவர்கள் கிராணிமார். யப்பானியர் இத்தனை தலை வேண்டும் என்று கேட்டபோது ஆட்களைக் காட்டவேண்டிய இடத்தில் இருந்தவர்களும் அவர்களே. பெயர்ப்பட்டியல் எழுதுகிறவன் ஒரு சாதி, பட்டியலில் ஏறுகிறவன் இன்னொரு சாதி. நான் இப்போது நிற்கும் பக்ரறியிலும் அப்படித்தான்: ஆள் மாறினாலும் தலைக்கணக்கு சரியாக இருந்தால் போதும். மலேசியத் தமிழர்கள் 'சயாம் மரண ரயில்' என்று ஆர். சண்முகமும், 'நினைவுச் சின்னம்' என்று அ. ரெங்கசாமியும் நாவல்கள் எழுதியிருக்கிறார்கள். ஈழத்து விமர்சனம் அவற்றை எங்கே வைத்தது? செத்தவன் தோட்டத்துத் தமிழன். அவனை எங்கள் கணக்கில் சேர்க்கவேண்டும் என்று எங்களுக்குத் தோன்றவில்லை.

காவியைப்பற்றியும் சொல்லவேண்டும். 'பர்மிய யாழ்' வெளிவந்த 1956, இலங்கையில் புத்தர் பரிநிர்வாணத்தின் 2500ஆவது ஆண்டு கொண்டாடப்பட்ட வருடம். தனிச்சிங்களச் சட்டம் நாடாளுமன்றத்தில் நிறைவேறியதும் அதே வருடம் யூனில்தான். அங்கே பிக்குகள் வீதியில் இறங்கிச் சட்டத்தை வாங்கிக் கொடுத்தார்கள். இங்கே திரையில் ஒரு சிப்பாய் காவியுடுத்திப் பிணம் புதைக்கிறான். அதற்கு ஐந்து வருடம் முன்பு, 1951 செப்டெம்பரில், சன்பிரான்சிஸ்கோ மாநாட்டில் இலங்கை நிதியமைச்சர் ஜே. ஆர். ஜயவர்த்தனா பகைமை பற்றிய புத்தர் வாக்கை எடுத்துக்காட்டி, யப்பானிடம் இலங்கை இழப்பீடு கேட்காது என்றார். 1942 ஏப்ரலில் கொழும்பிலும் திருகோணமலையிலும் விழுந்த யப்பானியக் குண்டுகளை இலங்கை மன்னித்தது. யப்பான் இன்றும் அதை நன்றியோடு நினைக்கிறது. அதே மனிதர் ஜனாதிபதியாக இருந்த 1983 யூலையில் என்ன நடந்தது என்று இந்தச் சஞ்சிகையின் வாசகருக்கு நான் சொல்லத் தேவையில்லை. தூரத்து எதிரிக்குக் கருணை காட்டுவது சுலபம். மிசுஷிமாவின் காவியும் ஜே. ஆரின் மேற்கோளும் ஒரே இடத்தில்தான் இடறுகின்றன: பக்கத்தில் கிடக்கும் உடலைக் காண்பதில்லை.

*

இச்சிகாவாவே இதை உணர்ந்திருக்கவேண்டும் என்பது என் ஊகம். மூன்றே வருடத்தில், 1959இல், அவரும் நத்தோ வாதாவும் சேர்ந்து 'சமவெளித் தீ' எடுத்தார்கள். ஷோஹேய் ஓகாவின் நாவல், களம் பிலிப்பைன்ஸ். அங்கே புதைக்க எவனும் இல்லை, செத்தவனைத் தின்கிறார்கள். தமுரா என்ற நோயாளிச் சிப்பாயாக நடித்த எய்ஜி ஃபுனாகோஷி வேடத்துக்காகப் பட்டினி கிடந்து படப்பிடிப்பிலேயே மயங்கி விழுந்தார். கையுயர்த்திச் சரணடையப்போகும் ஒரு யப்பானியனை ஒரு பிலிப்பைன்ஸ் பெண் போராளி சுட்டுத்தள்ளுகிறாள். அவளுக்கு ஏன் அத்தனை கோபம் என்று பார்ப்பவனுக்கு விளங்குகிறது, ஏனென்றால் அதற்கு முன்னரே தமுரா நிராயுதபாணியான ஒரு பெண்ணைச் சுட்டுக் கொன்றதை நாங்கள் பார்த்திருக்கிறோம். முதற்படத்தில் சேர்ந்து பாடிய சரணடைவு இரண்டாவது படத்தில் நடக்கவில்லை. 2009 மே மாதத்தில் வெள்ளைக்கொடிக்கு என்ன நேர்ந்தது என்ற கேள்வி இன்னும் பதிலின்றிக் கிடக்கும் எங்களுக்கு எந்தப் படம் நெருக்கம் என்று யோசித்துப் பாருங்கள்.

எங்களுக்கென ஒரு படம் வந்தும் இருக்கிறது. 2015இல் கான் விழாவின் தங்கப்பனை பெற்ற ஜாக் ஓடியாரின் 'தீபன்' பிணங்களை எரிப்பதில்தான் தொடங்குகிறது. போராளி தோழர்களைச் சிதையில் வைக்கிறான், தன் சீருடையையும் அதில் போடுகிறான், புறப்பட்டுவிடுகிறான். மிசுஷிமா எரித்துவிட்டு நின்றான், தீபன் எரித்துவிட்டு வந்தான். அந்த வேடத்தில் நடித்த அன்ரனிதாசன் யேசுதாசன் இளவயதில் இயக்கத்தில் இருந்தவர், பிரான்சில் அகதியாக வாழ்பவர். மிக்குனியின் முகத்தில் ஒளிந்திருந்தது இவரது முகத்தில் ஒளியவில்லை. படத்தின் பிற்பகுதி பற்றி எனக்கு நிறைய முரண்பாடு உண்டு. ஆனால் தமிழனாகத் தமிழன் நடித்தான் என்ற ஒன்றே பர்மியக் கிழவியைத் தாண்டிய இடம்.

ஆகவே 'எங்களுக்கும் ஒரு பர்மிய யாழ்' என்று கேட்கும் நண்பர்களுக்கு: கருவி எங்களிடம் இருக்கிறது. விபுலாநந்த அடிகள் 'யாழ் நூல்' எழுதி அதன் வடிவங்களைத் திருத்திக்கொடுத்தார். பர்மியரின் வளைந்த யாழ் எங்கள் பழைய வில்யாழின் உறவினன். ஊரின் பெயரே யாழ். வாசிப்பது யாருக்காக என்பதுதான் பிரச்சனை.

என்னோடு படித்தவர்கள் 1984இல் வெவ்வேறு இயக்கங்களுக்குப் போனார்கள். ஒருவனுக்குக் கோப்பாய்த் துயிலும் இல்லத்தில் கல் இருந்தது. இராணுவம் அதை ஒருதடவை இடித்தது. சமாதான காலத்தில் திரும்பக் கட்டினார்கள். யுத்தம் முடிந்தபின் மறுபடி தரைமட்டமாக்கி, மேலே படைமுகாம் எழுப்பினார்கள். இது அநியாயம் என்று லாச்சப்பலில் எவரும் சொல்வார். இன்னொருவன் 1986இல் டெலோவில் இருந்ததற்காகத் தமிழர் கையால் செத்தான். அவனுக்கு இடிப்பதற்கும் கல் இருந்ததில்லை. 1990 ஓகஸ்டில் காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுதுகொண்டிருந்தபோது சுடப்பட்டவர்களும், அதே ஒக்ரோபரில் வடக்கிலிருந்து விரட்டப்பட்டு அகதிமுகாமில் மடிந்தவர்களும் எங்கள் நவம்பர் விளக்குகளில் எந்த விளக்கில் எரிகிறார்கள்? சிங்களக் கிராமங்களில் மூடி முத்திரையிட்ட பெட்டியில் வந்த பிள்ளைகளைப்பற்றி, பிரசன்ன விதானகே 'புரஹந்த களுவர' எடுத்தபோது அந்த அரசே அதைத் தடுத்து வைத்தது. உயர்நீதிமன்றம் சொல்லித்தான் திரைக்கு வந்தது. கண் தெரியாத கிழத் தகப்பனாக ஜோ அபேவிக்கிரம அந்தப் பெட்டியைத் தோண்டுகிறார். அந்தப் படத்தைத் தயாரித்தது யப்பானின் என்.எச்.கே. எத்தனை தமிழர் பார்த்தோம்?

எதிரியின் தாதிமார் தன் தோழனுக்குப் பாடியதைக் கேட்டுத்தான் மிசுஷிமா திரும்பினான். படத்தின் மிகச் சிறந்த காட்சி அது. ஆனால் திரும்பியவன் அந்தத் தாதிமார் செய்ததைச் செய்யவில்லை. அவர்கள் அடுத்தவன் குழியில் நின்று பாடினார்கள், அவன் தன்னவரைத் தேடிப் போனான். எங்களுக்கு வேண்டிய படம் அந்தக் குழியருகிலிருந்து தொடங்கவேண்டும். எடுக்கக்கூடிய இளைஞர்கள் இந்தப் பரிசின் புறநகர்களில் இருக்கிறார்கள். அவர்களுக்குக் காசு சேர்ப்பதற்கு முன், எவருடைய எலும்புகளைச் சேர்க்கப்போகிறோம் என்று பேசி முடிப்போம். மறுத்து எழுதுபவர்களை வரவேற்கிறேன்.